பாபின் யானை

அன்புள்ள ஐயா,

போன ஞாயிற்றுக்கிழமை மதுரையில் நடந்த ஒரு பள்ளி செஸ் போட்டிக்கு என் மகனைக் கூட்டிப் போயிருந்தேன். பத்து வயது. கடைசிச் சுற்றில் எதிராளியிடம் ராஜாவைத் தவிர ஒரு காயும் இல்லை. இவனிடம் ராணியும் இரண்டு சிப்பாயும் இருந்தன. இவன் ராணியை நகர்த்தி வைத்தான். மூலையில் நின்ற அந்தப் பையனின் ராஜாவுக்கு செக் இல்லை, ஆனால் போக இடமும் இல்லை. ஸ்டேல்மேட், டிரா என்று சொல்லி நடுவர் ஆளுக்கு அரைப் புள்ளி போட்டுவிட்டார். நான் நியாயம் கேட்டேன். என்னை வெளியே போகச் சொன்னார்கள். பையன் அன்று இரவு சாப்பிடவில்லை. எல்லாவற்றையும் இழந்தவனுக்கு எதற்கு அரைப் புள்ளி? இந்த விதியை யார் போட்டது? கீழடியில் சதுரங்கக் காய்கள் கிடைத்ததாகச் சொல்கிறார்களே, அப்படியென்றால் விதியைத் திருத்தும் உரிமை நமக்குத்தானே? இன்னொன்று: ஆனந்த் பெரியவரா, குகேஷ் பெரியவரா?

பெயர் வேண்டாம்,
திருமங்கலம்

*

அன்புள்ள நண்பருக்கு,

பையன் மறுநாள் காலையிலாவது சாப்பிட்டானா? ஒரு பக்கத்துக்கு எழுதியிருக்கிறீர்கள், அதை எழுதவில்லை.

எனக்கு வரும் செஸ் கடிதங்களுக்கு நான் பதில் போடுவதில்லை. உங்களுக்குப் போடக் காரணம், கடிதம் வந்த அன்று மாலைதான் மீனாட்சி கோயில் கீழக்கோபுரத்துக்கு எதிரே புதுமண்டபத்தைச் சுற்றிக்கொண்டு வந்திருந்தேன். ஏன் என்று பிறகு சொல்கிறேன்.

கடைசிக் கேள்விகளை முதலில் முடித்துவிடலாம். கீழடியில் சுடுமண் ஆட்டக்காய்கள் கிடைத்திருக்கின்றன. பகடையும், பிள்ளைகள் ஆடிய வட்டச் சில்லுகளும் கிடைத்திருக்கின்றன. காய் கிடைத்தால் ஆட்டமும் கிடைத்ததாகிவிடாது. எட்டுக்கு எட்டுக் கட்டத்தில் யானையும் குதிரையும் நிற்கிற ஆட்டத்துக்குச் சான்று கி.பி. 6, 7ஆம் நூற்றாண்டு வட இந்தியாவிலிருந்துதான் தொடங்குகிறது. கீழடி அதைவிடப் பல நூற்றாண்டு மூத்தது. அதற்குப் பெருமை சேர்க்க செஸ் தேவையில்லை. அப்படியே இந்த ஆட்டத்தைக் கண்டுபிடித்தவர் கீழடிக்குப் பக்கத்து சிலைமான்காரர் என்று நாளை நிரூபணமானாலும், பாதி ஆட்டத்தில் விதியை மாற்ற அவருக்கும் உரிமை கிடையாது. ஆனந்தா குகேஷா என்பதற்கெல்லாம் என்னிடம் தராசு இல்லை. 1988இல் நாட்டின் முதல் கிராண்ட்மாஸ்டர் ஆனவரும், 2024 டிசம்பரில் சிங்கப்பூரில் டிங் லிரனை வென்று 18 வயதில் உலக சாம்பியன் ஆனவரும் ஒரே ஊரிலிருந்து போனார்கள். எனக்கு அது போதும்.

இனி உங்கள் அரைப் புள்ளி.

யார் போட்ட விதி என்று கேட்கிறீர்கள். பலரும் பலவிதமாகப் போட்டுப் பார்த்த விதி இது. பழைய அரபு, பாரசீக ஆட்டத்தில் எதிராளியின் ராஜாவை இப்படி அசைய விடாமல் அடைத்தால் அடைத்தவனுக்கு வெற்றி. நீங்கள் கேட்கும் நியாயம் அங்கே இருந்தது, பாக்தாத் பக்கம் பிறந்திருக்கலாம் நீங்கள். அதே காலத்தில் இந்தியர்கள் இதை நேர்மாறாக வைத்திருக்கிறார்கள் என்று 9ஆம் நூற்றாண்டில் அல்-அத்லி என்ற ஆட்டக்காரர் எழுதி வைத்திருக்கிறார். அடைபட்டவனுக்குத்தான் வெற்றி! அப்புறம் இங்கிலாந்து. 17ஆம் நூற்றாண்டிலிருந்து 19ஆம் நூற்றாண்டின் தொடக்கம் வரைக்கும் அங்கேயும் ஸ்டேல்மேட் செய்தவன் தோற்றான். உங்கள் மகன் 1750இல் லண்டன் காப்பிக் கடை ஒன்றில் இதே ராணியை இதே கட்டத்தில் வைத்திருந்தால் அரைப் புள்ளி அல்ல, முழு ஆட்டமும் போயிருக்கும். ‘இவ்வளவு படை வைத்துக்கொண்டு முடிக்கத் தெரியாத முட்டாள்’ என்பது அந்தக் காலத்துத் தீர்ப்பு. டிரா என்பது இவற்றுக்கெல்லாம் நடுவே வந்து நின்ற சமரசம். அந்த நடுவர் உங்களுக்குச் சலுகைதான் காட்டியிருக்கிறார்.

எல்லாவற்றையும் இழந்தவனுக்கு எதற்கு அரைப் புள்ளி என்கிறீர்கள். அவன் எதை இழந்தான்? ராஜாவைத்தான் இழக்கவே இல்லையே. செஸ்ஸில் இழப்பதற்கு இருப்பது அது ஒன்றுதான். மற்ற பதினைந்தும் செலவுக் கணக்கு. பத்து வயதுப் பையனுக்கு ஸ்டேல்மேட் தெரியாமல் போகலாம், தப்பில்லை. போட்டிக்குப் பணம் கட்டிய அப்பா, நுழைவுக் கட்டணம் எவ்வளவு, சான்றிதழ் உண்டா என்று விசாரித்த அப்பா, ஒரு தடவை விதிகளை உட்கார்ந்து படித்திருக்கலாம். நடுவரிடம் கத்துவதற்கு முன்னாலாவது. உங்கள் பையன் அன்று இரவு சாப்பிடாதது அரைப் புள்ளிக்காகத்தான் என்று உங்களுக்கு நிச்சயமாகத் தெரியுமா?

அவனிடம் இதைச் சொல்லுங்கள். எதிராளியின் ராஜா மூலைக் கட்டத்தில் தனியாக நிற்கும்போது, அதிலிருந்து ஒரு குதிரைத் தாவல் தூரத்தில் ராணியை வைத்தால் அந்த ராஜாவுக்கு செக்கும் இல்லை, வழியும் இல்லை. அந்தக் கட்டத்தில் மட்டும் வைக்காதே. அந்த ராஜா ஆடிக்கொண்டிருக்க இரண்டு கட்டம் விட்டுவை. பிறகு உன் ராஜாவை நிதானமாக நடத்திக் கொண்டுவந்து முடி.

சரி, புதுமண்டபம்.

இப்போது கடைகளையெல்லாம் குன்னத்தூர் சத்திரத்துக்கு மாற்றிவிட்டார்கள். என் சிறுவயதில் திருமலை நாயக்கர் கட்டிய அந்த மண்டபத்தில் தூணுக்குத் தூண் தையல் மெஷின் ஓடும். யாளியின் காலடியில் உட்கார்ந்து காஜா எடுப்பார்கள். அம்மாவின் ரவிக்கைத் துணியைக் கொடுக்கப்போன இடத்தில் ஒரு பாய் எனக்கு சதுரங்கம் சொல்லிக்கொடுத்தார். லைனிங் துணியில் அவரே தைத்த பலகை. கறுப்பு வெள்ளைக் கட்டமெல்லாம் கிடையாது, சிவப்பு நூலில் ஓட்டிய கோடுகள் மட்டும். ஒரு யானை எப்போதோ தொலைந்துவிட்டது. அந்த இடத்தில் ஒரு பாபின், மெஷினில் நூல் சுற்றிப் போடும் சிறு உருளை, நிற்கும்.

அவருடைய ஆட்டம் வேறு. சிப்பாய் முதல் நகர்த்தலிலும் ஒரு கட்டம்தான் போகும். ராஜாவும் யானையும் ஒரே நகர்த்தலில் சேர்ந்து நகர்ந்து கோட்டை கட்டுவது கிடையாது, அதற்குப் பதிலாக, செக் வாங்காத ராஜா ஆயுளில் ஒரே ஒரு முறை குதிரை மாதிரித் தாவலாம். ராணி என்ற பேச்சே இல்லை, அது மந்திரி. கடைசி வரிசைக்குப் போன சிப்பாய் எந்தக் கட்டத்துக்குப் போகிறதோ அந்தக் கட்டத்துக்காரனாகத்தான் மாறும், யானைக் கட்டத்தில் யானை, குதிரைக் கட்டத்தில் குதிரை. ஸ்டேல்மேட்? அப்படி அடைப்பதே தப்பு. அடைத்தவன் அந்த நகர்த்தலைத் திரும்ப எடுத்துக்கொண்டு வேறு ஆட வேண்டும். “மூச்சு விட எடம் குடுத்துட்டு அடிங்க தம்பி” என்பார், ஊசியை வாயில் கடித்துக்கொண்டே.

பதிமூன்று வயதில் நூலகத்திலிருந்து ஒரு செஸ் புத்தகம் எடுத்தேன். இரண்டே நாளில் மேதை ஆகிவிட்டேன். மூன்றாம் நாள் ஆட்டத்தில் என் சிப்பாய் யானைக் கட்டத்துக்குப் போய்ச் சேர்ந்தது. “இது ராணி” என்றேன். பாய் புரியாமல் பார்த்தார். “புக்குல அப்படித்தான் இருக்கு. நீங்க ஆடுறது தப்பான ஆட்டம்.” பக்கத்து மெஷின்காரர் சிரித்தார். பாய் சிரிக்கவில்லை. “ஆரம்பிக்கும்போது சொல்லலையே தம்பி” என்றார், அவ்வளவுதான். என்னிடம் இன்னொரு ராணி இல்லை என்பதைப் பார்த்துவிட்டு, அவரே அந்த பாபினைத் தலைகீழாகத் திருப்பி என் பக்கம் வைத்தார். ஏழெட்டு நகர்த்தலில் அவரைத் தோற்கடித்தேன். அப்புறம் ரொம்ப நாள் அந்தப் பக்கம் போகவில்லை. ரவிக்கைத் துணியைக் கொடுக்கத் தம்பியை அனுப்பினேன்.

பல வருடம் கழித்து மீர் சுல்தான் கான் என்ற செஸ் ஆட்டக்காரரைப் பற்றிப் படித்தபோது இதே மண்டப வாசனை வந்தது. பஞ்சாபில் மிட்டா டிவானா என்ற ஊர்க்காரர், சர் உமர் ஹயாத் கான் என்ற நிலப்பிரபுவின் ஆதரவில் இருந்தவர். கற்றது நாட்டு ஆட்டம், பாயுடைய ஆட்டம் மாதிரி. அந்தப் பழக்கத்தையெல்லாம் கழற்றிவைத்துவிட்டு ஐரோப்பிய விதிகளைப் பழகினார். 1929இல் லண்டனுக்குப் போன அதே வருடம் பிரிட்டிஷ் சாம்பியன். 1932, 1933இல் மறுபடியும். ஹேஸ்டிங்ஸ் போட்டியில் முன்னாள் உலக சாம்பியன் கபபிளாங்காவையே தோற்கடித்தார். உமர் ஹயாத் கானின் வீட்டில் பணியிலிருந்த ஃபாத்திமா என்ற பெண் 1933இல் பிரிட்டிஷ் பெண்கள் பட்டத்தை வென்றார். உமர் ஹயாத் கான் ஊர் திரும்பியபோது இருவரும் கூடவே திரும்பினார்கள். சுல்தான் கான் 1966இல் இறந்தார். உலகச் செஸ் கூட்டமைப்பு அவருக்குக் கௌரவ கிராண்ட்மாஸ்டர் பட்டம் கொடுத்தது 2024இல். அவர் வளைந்துகொடுத்த அளவுக்கு விதியைப் போட்டவர்கள் யாரும் அவருக்காக வளைந்ததாகத் தெரியவில்லை. உங்களுக்கு அரைப் புள்ளி போனதில் இவ்வளவு கோபம்.

நீங்கள் கேட்டது வேறு, நான் எழுதிக்கொண்டிருப்பது வேறு என்று தெரிகிறது. இருக்கட்டும். உங்களிடம் எனக்கும் ஒரு கேள்வி உண்டு. அந்த எதிர்ப் பையனின் ராஜா மூலைக்கு எப்படிப் போனது? உங்கள் மகன் துரத்தியா, அவனே போய் நின்றானா? குறிப்புத் தாளில் கடைசி ஐந்தாறு நகர்த்தல்கள் இருக்கும், பையன் எழுதியிருப்பான். அதைப் படம் எடுத்து அனுப்புங்கள். அவனே போய் நின்றிருந்தால், அந்தப் பையன் எந்த ஊர் என்றும் விசாரித்து எழுதுங்கள்.