கேள்வி – பதில்: மாத்திரை விளம்பரமும் ஓட்டு விளம்பரமும்

கேள்வி: சோப்பு விளம்பரம் மாதிரியே கட்சி விளம்பரமும் ஒரே வரியைத் திரும்பத் திரும்பச் சொல்கிறதே, இது எங்கே ஆரம்பித்தது? பார்க்கும்போது எதைக் கவனிக்க வேண்டும்?
– வாசகி, தண்டையார்பேட்டை

பதில்: பெரிய திருப்பம் 1952 அமெரிக்க அதிபர் தேர்தல். அனாசின் மாத்திரை விளம்பரத்துக்குப் பேர்போன ரோசர் ரீவ்ஸ், வேட்பாளர் ஐசனோவருக்கு 20 நொடி டிவி விளம்பரங்கள் எழுதிக் கொடுத்தார். ஒரு பொருளுக்கு ஒரே வாக்குறுதி, அதையே காது புளிக்கச் சொல்வது அவர் வழி. படம்பிடித்த விதம்தான் முக்கியம். ஐசனோவரின் கண்ணாடியைக் கழற்றவைத்து, பெரிய எழுத்து அட்டைகளைப் பார்த்துப் பதில்களை மட்டும் சொல்லவைத்தார்கள். கேள்வி கேட்கும் பொதுமக்களைப் பிறகு தனியாகப் பிடித்து ஒட்டினார்கள். கேட்டவரும் சொன்னவரும் சந்திக்கவே இல்லை! இன்று ரீல்ஸில் ஒரு அம்மா கேட்க, தலைவர் பதில் சொன்னால், இருவரும் ஒரே ஃபிரேமில் நிற்கிறார்களா என்று பாருங்கள்.

1964 அமெரிக்கத் தேர்தலில் அதிபர் ஜான்சன் தரப்பு விளம்பரத்தில் ஒரு சிறுமி பூவிதழ் எண்ணுவாள், அடுத்து அணுகுண்டு வெடிக்கும். எதிராளி பேரே வராது. காசு கொடுத்து ஒரே தடவைதான் போட்டார்கள். மற்றதைச் செய்திகள் பார்த்துக்கொண்டன. சரிபார்க்க அதில் ஒன்றுமே கிடையாது. இந்த வகைக்குத்தான் பயப்பட வேண்டும்.

நம்மூரில் 1967-ல் தி.மு.க.வின் 'மூன்று படி லட்சியம், ஒரு படி நிச்சயம்' ரீவ்ஸே பொறாமைப்படும் வரி. ஆனால் அதில் அளவு இருந்தது. ஆட்சிக்கு வந்து சென்னையிலும் கோவையிலும் ரூபாய்க்கு ஒரு படி அரிசி போட்டபோது, மீதி இரண்டு படி எங்கே என்று வண்ணாரப்பேட்டைக்காரர் கேட்க முடிந்தது. எனவே எவ்வளவு, எப்போது, யாருக்கு என்று தேடுங்கள். கிடைக்காவிட்டால் சத்தத்தை நிறுத்திவிட்டு எழுத்தை மட்டும் படியுங்கள். பாட்டு எதை மறைத்தது என்று தெரிந்துவிடும்.

கேள்வி: தேர்தல் நேரத்தில் யார் ஒட்டியது என்றே தெரியாத போஸ்டர்கள் வருகின்றன. புகார் செய்யலாமா?
– வாசகர், வியாசர்பாடி

பதில்: தாராளமாக. மக்கள் பிரதிநிதித்துவச் சட்டம் 127ஏ பிரிவின்படி, அச்சிட்டவர், வெளியிட்டவர் பேரும் முகவரியும் போஸ்டரிலேயே இருக்க வேண்டும். மீறினால் 6 மாதம் வரை சிறை, 2,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். தேர்தல் நடத்தை விதி அமலில் இருக்கும்போது தேர்தல் ஆணையத்தின் சி-விஜில் செயலியில் புகார் அனுப்பலாம். போனில் லொகேஷனை ஆன் செய்துவிட்டு, சுவருக்கு முன்னால் நின்று செயலிக்குள்ளேயே படம் எடுங்கள். வாட்ஸ்அப்பில் வந்த படமோ கேலரியில் கிடக்கும் படமோ அதில் ஏறாது; பலரின் புகார் அங்கேதான் நின்றுபோகிறது.