புளோரன்ஸில் தனி வழிகாட்டி தேவையா?
ஒரே நாள்தான் கையில் இருக்கிறது, புளோரன்ஸில் தனி வழிகாட்டிக்குச் செலவழிக்கலாமா என்று கேட்கிறீர்கள். செலவழிக்கலாம். ஆனால் உஃபிஸி அருங்காட்சியகத்தின் ஓவியங்களுக்காக மட்டும் என்றால் வேண்டாம், அங்கே ஒலி வழிகாட்டியே ஓரளவு போதும். கட்டடங்களுக்குத்தான் ஆள் தேவை. பேராலயக் குவிமாடத்தைக் கட்டடக் கலைஞர் புருனெலெஸ்கி 1420 முதல் 1436 வரை எழுப்பினார், அதுவும் தரையிலிருந்து மரச்சாரம் கொடுத்துத் தாங்காமலேயே. உள்ளே ஒன்று, வெளியே ஒன்று என இரட்டைக் கூடு, மீன்முள் வரிசையில் செங்கல். கீழே நின்று பார்த்தால் இதெல்லாம் தெரியாது.

அப்புறம் பார்ஜெல்லோ அருங்காட்சியகத்துக்கும் கூட்டிப்போகச் சொல்லுங்கள். பேராலயத்துக்கு எதிரே உள்ள ஞானஸ்நான மண்டபத்தின் கதவை யார் செய்வது என்று 1401இல் நடந்த போட்டிக்கு, புருனெலெஸ்கியும் சிற்பி கிபெர்ட்டியும் செய்த வெண்கலப் பலகைகள் அங்கே இருக்கின்றன. தோற்றவர் புருனெலெஸ்கி! அந்த மண்டபத்தில் இன்று மின்னும், கிபெர்ட்டி பின்னாளில் செய்த பொற்கதவு நகல்தான், அசல் பேராலய அருங்காட்சியகத்தில். வழிகாட்டியிடம் உரிமம் இருக்கிறதா என்று முன்பே கேட்டுவிடுங்கள்.