மட்கிப்போக வேண்டிய கம்பம்

வணக்கம் சார். பழங்குடி மக்களின் பொருட்களை அருங்காட்சியகங்கள் திருப்பித் தர வேண்டும் என்று எழுதியிருந்தீர்கள். ஒரு நெருடல். எடுத்துப்போய்ப் பாதுகாத்ததால்தானே அவை இன்றும் இருக்கின்றன? திருப்பிக் கொடுத்து மழையிலும் வெயிலிலும் வீணாகிப்போனால் யாருக்கு லாபம்?

- ஒரு வாசகர், மதுரை

அன்புள்ள நண்பருக்கு,

நானும் நெடுநாள் இப்படித்தான் நினைத்தேன். கனடாவின் ஒரு மரக்கம்பத்தின் கதைதான் என்னை மாற்றியது.

கனடாவின் பிரிட்டிஷ் கொலம்பியா மாகாணத்தில் ஹைஸ்லா பழங்குடி மக்களின் கிட்லோப் பள்ளத்தாக்கு. பெரியம்மையில் தன் மக்கள் கொத்துக்கொத்தாகச் செத்ததைக் கண்ட கிப்ஸ்கோலக்ஸ் என்ற தலைவர் 1872இல் அங்கே ஒரு குலச்சின்னக் கம்பத்தை நிறுத்தினார். 9 மீட்டர் உயரம். 1929இல் அதை வெட்டிச் சாய்த்து சுவீடனுக்குக் கப்பலேற்றினார்கள். சுவீடனின் தூதரக அதிகாரி கனடா அரசிடம் முறைப்படி அனுமதி வாங்கித்தான் எடுத்துப்போனார், ஆனால் கம்பம் அரசாங்கத்துடையது இல்லையே. அது ஸ்டாக்ஹோம் அருங்காட்சியகத்தில் இருப்பதை ஹைஸ்லா மக்கள் போய்ப் பார்க்க 1991 ஆகிவிட்டது.

கேட்டதும் அருங்காட்சியகம் கொடுத்துவிடவில்லை. பதிலுக்குப் புதுக் கம்பம் செதுக்கித் தருகிறோம் என்று ஹைஸ்லா மக்கள் சொல்லி, செதுக்கியும் கொடுத்தார்கள். அப்புறமும் அருங்காட்சியகம் ஒரு நிபந்தனை போட்டது: ஈரமும் வெப்பமும் கட்டுக்குள் இருக்கும் கட்டடத்தில்தான் வைக்க வேண்டுமாம். ஹைஸ்லா வழக்கத்தில் கம்பம் ஒருநாள் தானே சாயும், பாசி படரும், மண்ணோடு போகும், யாரும் முட்டுக் கொடுக்க மாட்டார்கள். நீங்கள் வீணாவது என்கிறீர்களே, அவர்களுக்கு அது அப்படியில்லை. கம்பம் ஊர் திரும்பியது 2006இல்.

பாதுகாப்பு என்கிறீர்கள், சரி. 1885 முதல் 1951 வரை கனடாவில் போட்லாட்ச், அதாவது அந்தக் கடற்கரைப் பழங்குடிகள் ஊர்கூடிப் பரிசுகள் வழங்கும் சடங்கு விருந்து, சட்டப்படி குற்றம். கம்பம் நிறுத்துவது அந்த விருந்தில்தான். அதாவது புதிதாக ஒன்றை நிறுத்த விடாமல் ஒரு கை தடுத்துக்கொண்டிருந்த அதே காலத்தில்தான், அழிந்துவரும் கலையைக் காப்பாற்றுகிறோம் என்று இன்னொரு கை பழையதை வெட்டிக்கொண்டு போனது. இதை நினைத்தால் எனக்கு இன்றும் ஆத்திரம் வருகிறது. ஸ்டாக்ஹோம் காப்பாற்றியது மரத்தை. செதுக்கும் கையை, எந்த உருவத்துக்கு மேல் எந்த உருவம் வரும் என்ற நினைவை, அந்தத் தடைக்குள்ளேயும் காப்பாற்றியவர்கள் ஹைஸ்லா மக்கள்தான்.

பழைய கம்பத்துக்கு ஈடாக அவர்கள் செதுக்கியது ஒன்றல்ல, இரண்டு. ஒன்று சுவீடனுக்குப் போனது. மற்றொன்றை 2000இல் பழைய கம்பம் நின்ற மிஸ்குசா என்ற ஊரிலேயே நிறுத்தினார்கள், மழையில்தான் நிற்கிறது.

அன்புடன்.