நாவலையும் வரலாற்றையும் படிக்க உளப்பகுப்பாய்வு எதற்கு?

கேட்டிருப்பவர் ஆய்வு மாணவராகத்தான் இருப்பீர்கள். ஒருவர் பேச்சுக்கு அடியில் மறைந்திருக்கும் மனதைப் படிக்கும் முறைதான் உளப்பகுப்பாய்வு. 'மேல்நாட்டுக் கோட்பாடு நமக்கு எதற்கு' என்று யாரோ சொல்லியிருப்பார்கள். என்னிடமும் சொன்னார்கள், அதனால்தான் எழுதுகிறேன்.

எனக்குத் தங்கச்சிமடம். அம்மாச்சி தனுஷ்கோடியில் வாழ்ந்தவர். 1964 டிசம்பர் 22 இரவு, பாம்பனிலிருந்து போன ரயிலை நூற்றுக்கும் மேற்பட்ட ஆட்களோடு கடல் கொண்டுபோன அதே புயலில் தம்பியைப் பறிகொடுத்தார். கடற்கரை நாவல்களைப் பற்றி எம்.ஃபில். செய்தபோது அவர் பேச்சையும் பதிவுசெய்தேன். எத்தனை தடவை கேட்டாலும் "அன்னைக்கு அமாவாசைய்யா, கையப் புடிச்சிருந்தவன் மூஞ்சி தெரியல" என்றுதான் தொடங்குவார். வெற்றிலை இடிக்கும் கை அந்த இடத்தில் நின்றுவிடும்.

ஆனால் அந்த டிசம்பர் 19தான் பௌர்ணமி. சந்திர கிரகணமும் அன்றுதான். புயல் அடித்தது பௌர்ணமி கழிந்து மூன்றாம் நாள். பெற்ற பிள்ளைகள் பிறந்த நாளைக்கூடப் பிறைக் கணக்கில் சொல்கிற மனுஷிக்குப் பிறை தப்புமா?

வாய்மொழித் தேர்வில் "தகவலே தப்பு, இது எப்படிச் சான்றாகும்?" என்றார்கள். அந்தப் பகுதியை எடுக்கச் சொன்னார்கள். எடுத்தேன். இன்னும் ஆறவில்லை.

அப்புறம்தான் ஷோஷனா ஃபெல்மனைப் படித்தேன். இலக்கிய ஆய்வாளரான அவரும் உளப்பகுப்பாய்வாளர் டோரி லாபும் சாட்சியம் பற்றி எழுதிய நூல் 1992இல் வந்தது. அதில் ஒரு சாட்சியம்: 1944இல், நாஜிகள் யூதர்களைக் கொன்று எரித்த ஆஷ்விட்ஸ் முகாமில் கைதிகள் நடத்திய கிளர்ச்சியைக் கண்ட ஒரு பெண், நான்கு புகைபோக்கிகள் வெடித்தன என்கிறார். வெடித்தது ஒன்றுதான், இவர் பேச்சை நம்ப முடியாது என்கிறார்கள் வரலாற்றாசிரியர்கள். லாப் மறுக்கிறார்: அந்தப் பெண் எண்ணிக்கைக்குச் சாட்சி சொல்ல வரவில்லை, நடக்கவே முடியாதது நடந்தது என்பதற்குச் சாட்சி சொல்கிறார். அதே நூலில் ஃபெல்மன், பிரெஞ்சு எழுத்தாளர் காம்யுவின் 'கொள்ளைநோய்' நாவலையும் வரலாற்றுக்கான சாட்சியமாகவே படிக்கிறார்.

அந்தப் பக்கத்தில் அம்மாச்சியின் அமாவாசை எனக்குப் புரிந்தது. நிலா இருந்தது என்று ஒப்புக்கொண்டால், கை நழுவியபோது தம்பி முகத்தைப் பார்த்ததையும் ஒப்புக்கொள்ள வேண்டியிருக்கும். மேகம் மூடியிருக்கும் என்று நீங்கள் சொல்லலாம். சரி, இருக்கலாம். அம்மாச்சிக்கு மனநோய் என்றும் நான் சொல்லவில்லை. பஞ்சாங்கத்தை வைத்துத் திருத்திவிட்டால் அந்த இரவில் பாதி போய்விடும் என்கிறேன், அவ்வளவுதான். ஒரு நாவலாசிரியன் அந்த அமாவாசையைத் திருத்த மாட்டான்.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். 2017இல் தனுஷ்கோடியைத் தாண்டி நிலம் முடியும் அரிச்சல்முனை வரை சாலை வந்தபின், வருகிறவர்களெல்லாம் இடிந்த தேவாலயத்தின் முன் நின்று 'பேய் நகரம்' என்று வீடியோ போடுகிறார்கள். அங்கே இன்றும் குடிசை போட்டு மீன்பிடித்து வாழ்கிறார்கள் ஐயா, பேய்கள் அல்ல.

உங்கள் ஆய்வில் இப்படி ஒரு பகுதி இருந்து அதை எடுக்கச் சொன்னால், பின்னிணைப்பிலாவது வைக்க அனுமதி கேளுங்கள். நான் அதைக்கூடக் கேட்கவில்லை.