கட்டணம் செலுத்திவிட்டால் கொல்லலாமா?

கேள்வி: ஆப்பிரிக்க நாடுகள் சிலவற்றில் வெளிநாட்டுச் செல்வந்தர்கள் பெருந்தொகை கட்டி யானையையும் சிங்கத்தையும் சுட அனுமதிக்கப்படுகிறார்கள். அந்தப் பணம்தான் அங்குள்ள காட்டைக் காக்கிறது என்று நண்பர் ஒருவர் வாதிடுகிறார். கேட்கும்போது சரியாகத்தான் படுகிறது. ஆனாலும் மனம் ஒப்பவில்லை. தங்கள் கருத்து என்ன?
– வாசகர், கோயம்புத்தூர்

பதில்: உங்கள் நண்பரின் வாதம் எளிதில் தள்ளிவிடக்கூடியது அன்று. நமீபியா 1996-இல் தன் சட்டத்தைத் திருத்தி, கிராமச் சமூகங்கள் தங்கள் எல்லைக்குள் வாழும் காட்டுயிர்களைத் தாங்களே நிர்வகிக்கவும், சுற்றுலாவாலும் வேட்டைக் கட்டணத்தாலும் வரும் வருமானத்தைத் தாங்களே வைத்துக்கொள்ளவும் வழிசெய்தது. இன்று 80-க்கும் மேற்பட்ட சமூகக் காப்பகங்கள் அந்நாட்டின் நிலப்பரப்பில் ஏறத்தாழ ஐந்தில் ஒரு பங்கில் பரவியிருக்கின்றன. சுடப்பட்ட விலங்கின் தலையும் கொம்பும் தோலும் வேட்டைக்காரருக்குப் போக, இறைச்சி ஊராருக்குக் கிடைக்கிறது. இரவில் யானை வந்து சோளத்தை அழித்துவிட்டுப் போனாலும் அதைப் பொறுத்துக்கொள்ள அந்த ஊருக்கு ஒரு காரணம் இருக்கிறது. மறுபுறம், 1977-இலேயே வேட்டையைத் தடைசெய்த கென்யாவில், அடுத்த நாற்பது ஆண்டுகளில் காட்டு விலங்குகளின் எண்ணிக்கை பாதிக்கும் மேல் குறைந்துபோனது. மேய்ச்சல் கால்நடைகளின் பெருக்கமும், வேலிகளும், விளைநிலங்களும், திருட்டு வேட்டையும் அதற்குக் காரணங்கள். தடை மட்டுமே எந்த விலங்கையும் காப்பாற்றிவிடுவதில்லை.

போட்ஸ்வானாவில் ஏறத்தாழ 1,30,000 யானைகள் வாழ்கின்றன. 2014-இல் அங்கு விதிக்கப்பட்ட வேட்டைத் தடை 2019-இல் விலக்கப்பட்டது. வேட்டையில் கிடைத்த தந்தம், தலை முதலியவற்றின் இறக்குமதியைக் கட்டுப்படுத்த ஜெர்மனி ஆலோசித்தபோது, போட்ஸ்வானாவின் அன்றைய அதிபர் மசிசி 2024-இல், 20,000 யானைகளை ஜெர்மனிக்கே அனுப்பிவைப்பதாகவும், அவர்களே அவற்றோடு வாழ்ந்து பார்க்கட்டும் என்றும் கூறினார். தொலைவிலிருந்து நல்லுரை கூறும் எவரும், நான் உட்பட, இந்தக் கிண்டலுக்கு உரியவர்களே.

ஆனால், இந்த வாதம் எவரை நியாயப்படுத்துகிறது என்று பாருங்கள். பணத்தை வாங்கிக்கொள்ளும் ஊரையும் அரசையும் அது நியாயப்படுத்துகிறது. பணம் செலுத்தும் வேட்டைக்காரரை அது தொடுவதே இல்லை. 2014 ஜனவரியில் அமெரிக்காவின் டாலஸ் நகரில், நமீபியாவில் ஒரு கறுப்புக் காண்டாமிருகத்தைச் சுடும் உரிமம் 3,50,000 டாலருக்கு ஏலம் போயிற்று. இனப்பெருக்க வயதைக் கடந்த முதிய ஆண், இளைய ஆண்களைக் குத்திக் கொல்லக்கூடும் என்பதால் அதை அகற்றுவது இனத்துக்கு நன்மையே என்று விளக்கம் தரப்பட்டது. அந்த விளக்கத்தை முழுமையாக ஏற்றுக்கொண்டாலும், ஒரு விலங்கை அகற்ற வேண்டிய தேவையும், அதைக் கொல்லும் இன்பத்தை ஒருவர் விலைக்கு வாங்குவதும் ஒன்றல்ல. காண்டாமிருக இனத்தின் மீது அக்கறை இருந்திருந்தால் அதே தொகையை நன்கொடையாகக் கொடுத்துவிட்டு வீட்டில் இருந்திருக்கலாம். கொல்ல அனுமதித்தால்தான் அவர் பணம் தருவார் என்று சொல்லப்படுகிறது. அது அவரைப் பற்றிய உண்மையாக இருக்கலாமே ஒழிய, அவர் செயலுக்குச் சமாதானம் ஆகாது.

நடைமுறையிலும் ஓர் இடர் உண்டு. காட்டில் ஓநாய் போன்ற வேட்டை விலங்கு பெரும்பாலும் நோயுற்றதையும் இளையதையும் முதியதையும் பிடிக்கிறது. டிராபி, அதாவது வெற்றிச் சின்னமாக வைத்துக்கொள்ளும் தலையோ கொம்போ தேடி வருபவரோ மிகப் பெரிய கொம்பையும் மிக அடர்ந்த பிடரியையும் தேடுகிறார். கனடாவின் ஆல்பர்ட்டா மாகாணத்தில் ராம் மவுண்டன் என்னும் மலையில், பெருங்கொம்புடைய ஆடுகளையே பல ஆண்டுகள் தேர்ந்து சுட்டதன் விளைவாக, பின்வந்த தலைமுறைகளில் கொம்பே சிறுத்துப்போனதை ஆய்வாளர்கள் பதிவு செய்துள்ளனர். கூட்டத்தை ஆளும் ஆண் சிங்கம் வீழ்ந்தால், அதன் இடத்துக்கு வரும் புதிய ஆண் பெரும்பாலும் குட்டிகளைக் கொன்றுவிடுகிறது. ஒரு தலைக்குக் கட்டணம் கட்டி, பல உயிர்களைப் போக்கியதாகிவிடுகிறது. ஜிம்பாப்வேயின் ஹுவாங்கே தேசியப் பூங்காவுக்கு வெளியே 2015 ஜூலையில் கொல்லப்பட்ட சீசில் என்ற சிங்கம், ஆய்வாளர்கள் கழுத்துப்பட்டை பூட்டிக் கண்காணித்துவந்த விலங்கு. அம்பால் காயம்பட்டுப் பல மணி நேரம் கழித்தே அது இறந்தது. தென்னாப்பிரிக்காவில் சிங்கங்களைக் கூண்டில் வளர்த்து வேலிக்குள் விட்டுச் சுடவைக்கும் தொழிலில் இந்தக் காடு காக்கும் வாதத்துக்குக்கூட இடமில்லை. அதை ஒரு நாளும் அனுமதித்திருக்கக் கூடாது. மற்றபடி, வேறு வருமானம் வரும்வரை பணத்தை வாங்கிக்கொள்ளும் ஊரை நான் குறைகூற மாட்டேன். என் மறுப்பெல்லாம் விமானம் ஏறி வருகிறவரிடம்தான்.

கேள்வி: வல்வில் ஓரி ஒரே அம்பால் யானை, புலி, மான், பன்றி, உடும்பு ஆகியவற்றை வீழ்த்தியதைப் புறநானூறு போற்றுகிறது. முயலை எய்த அம்பைவிட யானைக்குக் குறிவைத்துத் தவறிய வேலே இனிது என்கிறார் வள்ளுவர். வேட்டையை வீரமாகக் கண்ட மரபில் வந்த நாம் அதைப் பழிப்பது முரணாகாதா?
– வாசகர், தஞ்சாவூர்

பதில்: வன்பரணரின் அந்தப் பாடலைத் தொடர்ந்து படித்தால், தான் கொன்ற மானின் இறைச்சியை ஓரி வந்த பாணர் சுற்றத்துக்கு உணவாகக் கொடுத்து, பொன்னும் மணியும் வழங்கியதிலேயே புகழ் போய் நிற்பதைக் காணலாம். குறளோ படைச்செருக்கு அதிகாரத்தில் வருவது. அங்கு அளவுகோல் எய்கிறவன் ஏற்கும் ஆபத்து. வேலோடு நிற்பவனை யானை திரும்பி வந்து மிதிக்க முடியும். தொலைநோக்கி பொருத்திய துப்பாக்கியோடு நெடுந்தொலைவில் நிற்பவரிடம், பக்கத்தில் வழிகாட்டியும் வண்டியும் காத்திருக்கையில், அந்த வீரத்தைத் தேடுவது வீண். கொல்லாமைக்குத் தனி அதிகாரம் வகுத்தவரும் அதே வள்ளுவர்தான் என்பதை நீங்கள் அறிவீர்கள்.

நாம் நினைவில் வைக்கவேண்டிய வேட்டை மரபு இன்னும் அண்மையது. 1938 நவம்பரில் பரத்பூர் நீர்நிலையில், வைஸ்ராய் லின்லித்கோ பிரபுவின் கூட்டம் ஒரே நாளில் 4,273 பறவைகளைச் சுட்டது; அந்தக் கணக்கைக் கல்லிலும் பொறித்து வைத்தார்கள். 1947-இல் இன்றைய சத்தீஸ்கரில் இருந்த கொரியா சமஸ்தானத்து மன்னர் சுட்ட மூன்று சிவிங்கிப்புலிகளே இந்தியக் காட்டில் அந்த இனத்தின் கடைசிப் பதிவாகக் கருதப்படுகின்றன. 1952-இல் அது அற்றுப்போனதாக அறிவிக்கப்பட்டது. நீலகிரியில் சுடுவதற்கு விலங்கு குறைந்துபோவதைக் கண்டு வேட்டைக்காரர்களே 1877-இல் சங்கம் அமைத்தனர். 1879-இல் உரிமமும் வேட்டை கூடாத பருவமும் வகுத்த சட்டம் வந்தது. வரையாட்டுக்கு அது உதவியது என்பதை ஒப்புக்கொள்ள வேண்டும், நோக்கம் நாளையும் சுட வேண்டும் என்பதாக இருந்தாலும். 1972-ஆம் ஆண்டின் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டமும், உரிம வேட்டையை நீக்கிய அதன் 1991-ஆம் ஆண்டுத் திருத்தமும்தான் அந்தப் பழக்கத்துக்கு முடிவு கட்டின.

கேள்வி: எங்கள் பகுதியில் மாசி மாதம் ஊர்கூடி முயல்வேட்டைக்குப் போவது வழக்கம். வனத்துறையினர் தடுக்கிறார்கள். ஆனால் கேரளத்தில் காட்டுப்பன்றியைச் சுட அரசே அனுமதிக்கிறதே?
– வாசகர், சிவகங்கை மாவட்டம்

பதில்: இரண்டும் வெவ்வேறு. கேரளம் 2022-இல் பயிரழிக்கும் பன்றிகளைச் சுட உத்தரவிடும் அதிகாரத்தை உள்ளாட்சித் தலைவர்களிடம் ஒப்படைத்தது. சுடுபவர் உரிமம் பெற்றவராக இருக்க வேண்டும், இறைச்சியை எவரும் உண்ணவும் கூடாது. அது விவசாயியின் இழப்பைத் தடுக்கும் முயற்சி. அதில் பொழுதுபோக்குக்கு இடமில்லை.

பாரிவேட்டை எனப்படும் உங்கள் ஊர் வேட்டை சாமிக்காகவும் பங்கு பிரித்து உண்பதற்காகவும் நடப்பதால், டாலர் வேட்டையோடு அதை நான் ஒரே தட்டில் வைக்கவில்லை. எனினும் நூறு பேர் வலையோடும் நாயோடும் கண்மாய்க் கரையை வளைக்கும்போது முயல் மட்டும் அகப்படுவதில்லை. கௌதாரியும் கீரியும் உடும்பும் சேர்ந்தே சாகின்றன, சட்டப்படியும் அது குற்றம். கன்னியாகுமரி பகவதி அம்மன் விஜயதசமியன்று மகாதானபுரத்துக்குப் பாரிவேட்டைக்கு எழுந்தருளுகிறாள். அங்கே அம்பு விடுவது சடங்காகவே நிறைவேறுகிறது. உங்கள் ஊரிலும் அவ்வாறு மாற்ற முடியுமா என்று திருவிழாவுக்குக் காப்புக் கட்டும் முன்பே பெரியவர்களிடம் பேசிப் பாருங்கள். வனத்துறை வந்து நின்ற பிறகு பேசினால் அது வீம்பாகிவிடும்.