பேசும் கார்களுக்குக் கண் ஏன் முன்கண்ணாடியில்?

அனிமேஷன் படத்தில் பேசும் கார் என்றால், காரையே ஓர் ஆளாக்கிக் காட்டுவது. பெட்ரோல்தான் சாப்பாடு, மெக்கானிக்தான் டாக்டர். ஆனால் ஆள் என்று நம்ப முகம் வேண்டுமே! ஹெட்லைட்டைக் கண்ணாக்கினால் இரண்டு கண்ணும் வாய்க்குப் பக்கத்தில், ஆளுக்கொரு ஓரமாகப் போய்விடும்; பாம்புத் தலைதான் நினைவுக்கு வரும். முன்கண்ணாடிக்கு ஏற்றினால் பானட் மூக்காகிறது, பம்பர் உதடாகிறது. கண்ணாடியின் மேல்விளிம்பில் ஓர் இமை பாதி இறங்கினால் போதும், கார் நம்மைச் சந்தேகமாகப் பார்க்கும் (எனக்குப் பிடித்ததே அந்தப் பார்வைதான்). பழைய காலுறையில் இரண்டு பொத்தான் தைத்ததும் அது பொம்மையாகிவிடுகிறதே, அதே வித்தைதான்.

2006இல் வந்த 'கார்ஸ்' படம்தான் இதைத் தொடங்கியது என்று பலர் நினைக்கிறார்கள். 1952இல் டிஸ்னி குறும்படத்தில் வந்த சூசி என்ற நீலக் காருக்கே கண் முன்கண்ணாடியில்தான் இருந்தது.