மார்க் போவது மேப்பில்

அன்புள்ள ஐயா,

மகள் சாட்ஸ்வொர்த்தில் மெட்ரிக், அதாவது பன்னிரண்டாம் வகுப்பு, படிக்கிறாள். புயல், ஆறு எல்லாம் மனப்பாடம். ஆனால் ஜியாகிரபியில் ஐம்பது சதவீதத்தைத் தாண்டுவதில்லை. இன்னும் நெட்டுருப் போடச் சொல்லவா? பல்கலைக்கழகத்திலும் இதையே படிக்க ஆசைப்படுகிறாள்.

டர்பனிலிருந்து ஒரு தாய்

அன்புள்ள அம்மா,

வேண்டாம். திருத்திய விடைத்தாளில் மூன்றாம் கேள்வியைப் பாருங்கள். ஒவ்வொரு பேப்பரிலும் 150க்கு 30 மார்க் மேப் வேலைக்கு; மொத்தம் 300க்கு 60. பெரும்பாலும் ஓட்டை அங்கேதான் இருக்கும்.

முதல் எதிரி அலகு. 1:50 000 மேப்பில் ஒரு சென்டிமீட்டர் 500 மீட்டர். 1:10 000 ஆர்த்தோஃபோட்டோவில், அதாவது அளவு திருத்திய வான்படத்தில், 100 மீட்டர். சாய்வு கேட்டால், 480, 320 மீட்டர் உயரமுள்ள இரு புள்ளிகளுக்கு வித்தியாசம் 160. மேப்பில் இடைவெளி 4 செ.மீ. என்றால் 2000 மீட்டர். 160:2000, அதாவது விடை 1:12.5. தூரத்தை 2 கிலோமீட்டர் என்றே விட்டுவிட்டு 160ஐ 2ஆல் வகுத்து 80 என்று எழுதும் பிள்ளைகள் ஏராளம். சூத்திரம் தெரியும், மீட்டராக்க மறந்துவிடும்.

அடுத்தது காந்த விலக்கம்: உண்மை வடக்குக்கும் காந்த ஊசி காட்டும் வடக்குக்கும் உள்ள கோணம். உதாரணத்துக்கு, 24°50' (24 பாகை 50 நிமிடம்) மேற்கு, ஆண்டுக்கு 5' மேற்காகக் கூடுகிறது, மேப் வந்து ஒன்பது ஆண்டு. கூட்ட வேண்டியது 45'. கால்குலேட்டரில் 24.50ஓடு 0.45 கூட்டினால் 24.95 வரும்; அது கோணமே அல்ல. 60 நிமிடம்தானே ஒரு பாகை? 95 நிமிடத்தை 1°35' ஆக்கினால் விடை 25°35'. இதை உண்மைத் திசைக்கோணத்தோடு (உண்மை வடக்கிலிருந்து வலஞ்சுழியாக அளந்த கோணம்) கூட்டினால் காந்தத் திசைக்கோணம். 'அ-விலிருந்து ஆ-வுக்கு' என்றால் கோணமானியின் நடு அ-வில் நிற்கவேண்டும். இடம் மாறினால் விடை 180 பாகை புரண்டுவிடும்.

பயிற்சிக்கு உங்கள் பகுதியின் 2930டிடி தாளையே எடுங்கள். பெயரின் பொருள் இது: 29° தெற்கு, 30° கிழக்கில் தொடங்கும் கட்டத்தின் தென்கிழக்குக் கால், அதிலும் தென்கிழக்குக் கால். தெரிந்த மேடும் ஓடையும் தாளில் இருந்தால் சம உயரக் கோடு சட்டென்று பிடிபடும்.

பல்கலைக்கழகத்துக்கு முன் ஒன்றைக் கேளுங்கள்: அவள் எடுத்திருப்பது மேத்ஸா, மேத்ஸ் லிட்டா (அன்றாடக் கணக்கு மட்டும் உள்ள எளிய பாடம்)? பி.எஸ்ஸி.க்கு மேத்ஸ் வேண்டும். வானிலைத் துறைக்கு ஃபிசிக்ஸும். ஆசிரியராக நாலாண்டு பி.எட்., இல்லை பட்டத்துக்குப் பின் ஓராண்டு பி.ஜி.சி.இ. என்ற ஆசிரியர் பயிற்சி; பிறகு ஆசிரியர் மன்றமான சேஸில் (SACE) பதிவு. மேத்ஸ் லிட் என்றால் பி.ஏ.வில் ஜியாகிரபி தரும் இடங்களைத் தேடுங்கள்.